ஒரே பெயர், வேறு ஆட்கள்: சுங்கை சிப்புட் வாசகசாலையில் பெயரட்டைகளைப் பிரித்து எழுதிய பதிவு

மலேசியாவின் பேராக் மாநிலத்தில் உள்ள சுங்கை சிப்புட் நகரில், கோயில் மண்டபத்தை ஒட்டிய அறையில் இயங்கும் எங்கள் வாசகசாலையின் நூற்பட்டியலை முழுமையாகத் திருத்தி எழுதும் வேலையைத் தன்னார்வலர்கள் சிலர் சேர்ந்து மேற்கொண்டோம். சுற்றுவட்டாரத் தோட்டங்கள் கைமாறி, ரப்பர் பால்மரங்கள் நின்ற இடங்களில் எண்ணெய்க்கான செம்பனை வந்து, தொழிலாளர் வரிசை வீடுகளான லயங்களில் இருந்த குடும்பங்கள் தாமான் எனப்படும் குடியிருப்புப் பகுதிகளுக்குக் குடிபெயர்ந்த காலத்தில், அங்கங்கே இருந்த சிறு படிப்பகங்களின் நூல்கள் மூட்டை மூட்டையாக இங்கே வந்து சேர்ந்தன. அவற்றைப் பேரேட்டில் பதிந்தவர்கள் ஆசிரியர் பெயரை மட்டும் அகர வரிசையில் எழுதினார்கள். ஓர் அலமாரி நூல்களுக்கு அது போதுமானதாகவே இருந்தது. நூல்கள் பெருகியபோது, ஒரே பெயர் கொண்ட பல எழுத்தாளர்கள் ஒருவராகவும், ஒரே பெயர் கொண்ட பல பொருள்கள் ஒரே பொருளாகவும் கலந்துவிட்டன. இந்த ஊரில் பிறந்த முன்னாள் அமைச்சர் துன் சம்பந்தனைப் பற்றிக் கட்டுரை எழுத வரும் இடைநிலைப்பள்ளி மாணவி ‘சம்பந்தன்’ என்ற வரியைத் தேடினால், அவள் கைக்குத் திருஞானசம்பந்தரின் தேவார உரையும் வந்து சேர்ந்தது. அந்தக் கலப்பை எவ்வாறு பிரித்தோம் என்பதை, இதே வேலையை வேறு ஊரில் செய்ய நினைப்பவர்களுக்குப் பயன்படும் என்ற எண்ணத்தில் இங்கே பதிகிறேன்.

கருவிகளைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. மூன்றுக்கு ஐந்து அங்குல அட்டைகள், பென்சில், ஒரு பழைய மடிக்கணினி, அதில் இலவசமாகக் கிடைக்கும் லிப்ரே ஆபிஸ் விரிதாள் ஆகியவை போதுமானவை. அட்டையில் பேனாவைப் பயன்படுத்துவதில்லை என்று தொடக்கத்திலேயே முடிவு செய்தோம். ஏனெனில், பெயரட்டையில் எழுதப்படும் ஒவ்வொரு செய்தியும் நாளை ஒரு முன்னுரையோ ஒரு முதியவரின் நினைவோ வந்து திருத்தக்கூடிய செய்தியாகும்.

பேரேட்டின் வரிசையை அப்படியே வைத்துக்கொண்டு, ஒரு பெயருக்கு ஓர் அட்டை என்பதற்குப் பதிலாக, ஓர் ஆளுக்கு ஓர் அட்டை என்று மாற்றியதுதான் வேலையின் அடிப்படை. அட்டையின் முதல் வரியில் நூலின் முகப்பில் உள்ள பெயர் இருக்கும். இரண்டாம் வரியில், அதே பெயருள்ள மற்றவரிடமிருந்து அவரைப் பிரித்துக் காட்டும் ஓர் அடையாளம் இருக்கும்: பிறப்பு, இறப்பு ஆண்டுகள், அவை கிடைக்காவிட்டால் தொழில், அதுவும் தெரியாவிட்டால் ஊர். மூன்றாம் வரியில் அவர் பயன்படுத்திய வேறு பெயர்களும் பெயரின் வேறு எழுத்து வடிவங்களும் வரும். நான்காம் வரி சான்றுக்கு உரியது. அந்த அடையாளம் எந்த நூலின் எந்தப் பக்கத்திலிருந்து எடுக்கப்பட்டது, அல்லது யார் சொல்லக் கேட்டு எழுதப்பட்டது என்பதை அங்கே குறிக்கிறோம். ஒரே பெயருள்ளவர்களைப் பிரிக்க ஆண்டுகளைச் சேர்க்கும் முறை நாங்கள் கண்டுபிடித்ததன்று. 1978ஆம் ஆண்டு வெளிவந்த ஆங்கிலோ-அமெரிக்கப் பட்டியலாக்க விதிகளின் இரண்டாம் பதிப்பிலும் அது இருக்கிறது; உலகின் பெரிய நூலகங்கள் பலவும் அப்படியே செய்கின்றன. சான்று வரியைத்தான் எக்காரணம் கொண்டும் விடக்கூடாது என்று நான் வற்புறுத்தினேன். சான்று இல்லாத அடையாளத்தை அடுத்துவரும் தன்னார்வலர் நம்பவும் முடியாது, மறுக்கவும் முடியாது.

முதலில் எடுத்தது ‘ரங்கராஜன்’ என்ற வரியை. நூலின் முகப்பில் புனைபெயர் இருந்தாலும் இயற்பெயரைத் தேடிப்பிடித்து எழுதுவதே முறை என்று பழைய பதிவாளர் ஒருவர் கருதியிருக்க வேண்டும். அதன் விளைவாக அந்த வரியில் விஞ்ஞானக் கதைகளும், திரைப்பாடலாசிரியர் ஒருவரின் தன்வரலாறும், குமுதம் இதழில் தொடராக வந்த நாவல்களும் ஒன்றாகக் கிடந்தன. அவர்கள் மூவர். எஸ். ரங்கராஜன் (1935-2008) சுஜாதா என்ற பெயரில் எழுதியவர். டி. எஸ். ரங்கராஜன் (1931-2013) கவிஞர் வாலி. ரா. கி. ரங்கராஜன் (1927-2012) குமுதத்தின் ஆசிரியர் குழுவில் பல்லாண்டு பணியாற்றி, இயற்பெயரிலும் பல புனைபெயர்களிலும் எழுதியவர். ‘எஸ்.’ என்றும் ‘டி. எஸ்.’ என்றும் வரும் இருவருமே திருவரங்கத்தில் வளர்ந்தவர்கள் என்பதால், ஊரை அடையாளமாக வைத்தால் அவர்களைப் பிரிக்க முடியாது. இங்கே ஆண்டுதான் கைகொடுக்கும். இதில் எனக்கு மிகவும் பிடித்த செய்தி ஒன்றுண்டு. ரா. கி. ரங்கராஜன் அதே பெயரில் ஏற்கெனவே எழுதிக்கொண்டிருந்ததால், குழப்பம் வரக்கூடாதென்றுதான் எஸ். ரங்கராஜன் தம் மனைவியின் பெயரான சுஜாதாவைப் புனைபெயராக எடுத்துக்கொண்டார். எழுத்தாளரே முன்வந்து தீர்த்துவைத்த ஒரு குழப்பத்தை, இயற்பெயரில் பதிந்ததன் மூலம் எங்கள் பேரேடு மீண்டும் உண்டாக்கியிருந்தது.

ஆகவே, நூலின் முகப்பில் எந்தப் பெயர் இருக்கிறதோ அந்தப் பெயரிலேயே நூல் நிற்க வேண்டும் என்றும், இயற்பெயரில் தேடுபவருக்காக ‘ரங்கராஜன், எஸ்.: சுஜாதா என்ற அட்டையைக் காண்க’ என்ற சுட்டட்டை தனியே இருக்க வேண்டும் என்றும் விதி வகுத்தோம். அதோடு வேலை முடிந்துவிடவில்லை. சுஜாதா என்ற பெயரில் புகழ்பெற்ற திரைப்பட நடிகை ஒருவர் இருந்தார். பழைய சினிமா இதழ்களின் தொகுப்பில் அவரைப் பற்றிய கட்டுரைகள் உள்ளன. வாலி என்றால் கிட்கிந்தையின் அரசனும் உண்டு; இராமாயணச் சொற்பொழிவு நூல்களில் ‘வாலி வதை’ தனிப்பொருளாகவே வருகிறது. ஆகவே எழுத்தாளரைக் குறிக்கும் அட்டைகளை வெள்ளையிலும், பொருளைக் குறிக்கும் அட்டைகளை மஞ்சளிலும் எழுதினோம். ஒருவரைப் பற்றிய நூலும் ஒருவர் எழுதிய நூலும் ஒரே பெட்டிக்குள் இருந்தாலும், நிறத்தைப் பார்த்தே அவை வேறென்று வாசகர் தெரிந்துகொள்கிறார்.

‘லக்ஷ்மி’ என்ற வரியும் இதே வகையைச் சேர்ந்ததுதான். குடும்பப் பின்னணி கொண்ட நாவல்களால் தோட்டத்துப் பெண் வாசகர்களிடையே பெரிதும் படிக்கப்பட்ட லக்ஷ்மி, மருத்துவரான திரிபுரசுந்தரி (1921-1987). அம்பை என்ற பெயரில் சிறுகதைகள் எழுதும் சி. எஸ். லக்ஷ்மி 1944இல் பிறந்தவர். ஆய்வு நூல்களை இயற்பெயரிலேயே எழுதியவர். ஒருவருக்கு லக்ஷ்மி புனைபெயர், மற்றவருக்கு அது இயற்பெயர். வெள்ளிக்கிழமைப் பூசைக்கான திருமகள் துதி நூல்கள் சிலவும் அவர்களோடு கலந்திருந்தன. அவை மஞ்சள் அட்டைக்குப் போயின.

தலைப்பெழுத்துகளில்தான் நீண்ட நேரம் நின்றோம். தமிழர் பெயரில் முன்னால் நிற்கும் எழுத்து பெரும்பாலும் தந்தையின் பெயரைக் குறிக்கும். சில சமயம் ஊரையும் சேர்த்துக் குறிக்கும். இந்திய நூலகவியலின் முன்னோடியான எஸ். ஆர். ரங்கநாதனின் (1892-1972) பெயரில் உள்ள ‘எஸ்.’ என்பது அவர் பிறந்த சீர்காழியை அக்கால ஆங்கிலத்தில் எழுதிய முறையிலிருந்து வந்தது, ‘ஆர்.’ என்பது தந்தையின் பெயருக்குரியது. மலேசியாவிலோ அடையாள அட்டையில் தன் பெயர் முன்னும், ‘இன்னாரின் மகன்’ அல்லது ‘மகள்’ என்ற மலாய்ச் சுருக்கம் நடுவிலும், தந்தையின் பெயர் பின்னும் வருகின்றன. இலங்கை அறிஞர்கள் பலர் தந்தையின் பெயரைச் சுருக்காமல் முழுமையாக முன்னால் எழுதுகிறார்கள். இந்த மூன்று வழக்கங்களும் எங்கள் அலமாரியில் சந்தித்த இடம் ‘கார்த்திகேசு’. கெடா மாநிலத்தின் பீடோங்கில் பிறந்து, பினாங்கு அறிவியல் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த மலேசிய நாவலாசிரியர் ரெ. கார்த்திகேசு (1940-2016) ஒருவர். யாழ்ப்பாணக் குடாநாட்டின் கரவெட்டியில் பிறந்த திறனாய்வாளர் கார்த்திகேசு சிவத்தம்பி (1932-2011) மற்றவர். முன்னவருக்குக் கார்த்திகேசு என்பது சொந்தப் பெயர், பின்னவருக்குத் தந்தையின் பெயர். பேரேட்டில் பெயரின் முதற்சொல்லை மட்டும் பார்த்துப் பதிந்ததால், மலேசிய நாவல்களும் ஈழத்து இலக்கிய ஆய்வுகளும் ஒருவரின் எழுத்துகளாகத் தோன்றின. இப்போது சொந்தப் பெயரைக் கொண்டே வரிசைப்படுத்துகிறோம். தந்தையின் பெயர் எந்த இடத்தில் நின்றாலும் அதைத் தலைப்பாக எடுப்பதில்லை.

நூல் எந்த நாட்டில் வெளிவந்தது என்பதும் இவ்விடத்தில் உதவுகிறது. பின்பக்கத்தில் உள்ள சர்வதேசத் தர நூல் எண்ணில் 983 அல்லது 967 இருந்தால் மலேசியப் பதிப்பு. 81 அல்லது 93 இருந்தால் இந்தியப் பதிப்பு. 955 இருந்தால் இலங்கைப் பதிப்பு. மலேசிய எழுத்தாளர்கள் பலர் சென்னையிலும் நூல் வெளியிட்டிருப்பதால் இது முடிவான சான்றாகாது. ஆனாலும் எங்கே தேடத் தொடங்க வேண்டும் என்பதை அது காட்டிக்கொடுக்கிறது.

பண்டைப் புலவர்களிடம் இந்த முறை வேறு வடிவம் எடுத்தது. அவர்களுக்குப் பிறந்த ஆண்டு கிடையாது. ஒருவரா பலரா என்பதே ஆய்வாளர்கள் விவாதிக்கும் செய்தி. அதியமானைப் பாடிய சங்க கால ஔவையாரும், ஆத்திசூடியும் கொன்றைவேந்தனும் பாடிய பிற்கால ஔவையாரும் வேறானவர்கள் என்பது பெரும்பாலோர் ஏற்றது. ஆகவே அவர்களுக்கு இரண்டு அட்டைகள். கபிலர், பரணர் என்ற பெயர்கள் சங்க நூல்களிலும் உண்டு, பதினோராம் திருமுறையிலும் உண்டு. பட்டினத்தாரும் அவ்வாறே, திருமுறையில் ஒருவராகவும் சித்தர் பாடல்களில் இன்னொருவராகவும் நிற்கிறார். இவர்களுக்கெல்லாம் நூல்தொகுதியின் பெயரையே அடையாளமாக எழுதினோம்: ‘கபிலர், சங்க இலக்கியம்’, ‘கபிலர், பதினோராம் திருமுறை’. நக்கீரரிடம் அதுவும் தடுமாறியது. திருமுருகாற்றுப்படை பத்துப்பாட்டிலும் இருக்கிறது, பதினோராம் திருமுறையிலும் இருக்கிறது. தொகுதியை வைத்துப் பிரித்தால் ஒரே பாட்டு இரண்டு நக்கீரர்களுக்கும் போய்விடும். அந்தப் பாட்டைச் சங்க நக்கீரர் அட்டையில் வைத்து, மற்ற நக்கீரரின் அட்டையில் ‘இதையும் காண்க’ என்று ஒரு வரி சேர்த்தோம். முருகன் கோயிலில் அதை நாள்தோறும் ஓதுகிற ஐயா ஒருவர் அதைத் திருமுறை வரிசையில்தான் தேடுவார்; தமிழிலக்கியத் தேர்வுக்குப் படிப்பவர் பத்துப்பாட்டில்தான் தேடுவார். இருவருக்கும் அது கிடைக்க வேண்டும்.

பொருள் அட்டைகளில் எங்கள் ஊரோடு நெருங்கிய பெயர்கள் வந்தன. ‘சம்பந்தன்’ அவற்றில் முதன்மையானது. ஏழாம் நூற்றாண்டில் சீர்காழியில் பிறந்த திருஞானசம்பந்தர் ஒருபுறம். இதே சுங்கை சிப்புட்டில் 1919இல் பிறந்து, 1955 முதல் 1973 வரை மலேசிய இந்தியர் காங்கிரசின் தலைவராகவும் நாட்டின் அமைச்சராகவும் இருந்து, பெருந்தோட்டங்களைச் சிறு துண்டுகளாக விற்ற தோட்டத் துண்டாடலில் வேலையும் வீடும் இழந்த தொழிலாளர்களுக்காகத் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தை 1960இல் தொடங்கிய துன் வீ. தி. சம்பந்தன் (1919-1979) மறுபுறம். ‘வீ.’ என்பது தந்தை வீராசாமி, ‘தி.’ என்பது திருஞான என்ற முன்பகுதி. அவருடைய முழுப்பெயரே திருஞானசம்பந்தன் ஆகையால், பெயரை விரித்து எழுதினால் குழப்பம் கூடுமே தவிரக் குறையாது. ‘சம்பந்தன், துன் வீ. தி., அமைச்சர்’ என்றும் ‘திருஞானசம்பந்தர், நாயனார்’ என்றும் எழுதினோம்.

‘கணபதி’ என்ற வரியில் விநாயகர் அகவல் உரைகளோடு மலாயாக் கணபதியைப் பற்றிய நூலும் இருந்தது. அகில மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனத்தின் தலைவராக இருந்து, 1949 மே மாதம் கோலாலம்பூர் புடு சிறையில் தூக்கிலிடப்பட்ட எஸ். ஏ. கணபதி அவர். தொழிலாளர் வரலாற்றைத் தேடி இந்த ஊருக்கு வரும் ஒருவருக்கு அந்த நூல் பக்தி நூல்களுக்கு நடுவே மறைந்து கிடப்பது எனக்குப் பெரும் வருத்தத்தைத் தந்தது. பெயர் பிரிக்கும் வேலையைச் சிலர் வெறும் எழுத்து வேலையாகக் கருதுகிறார்கள். அந்த நூலைக் கையில் எடுத்தபோது நான் அவ்வாறு கருதவில்லை.

அவரோடு தொடர்புடைய ‘அவசரகாலம்’ என்ற பொருளும் கலந்தே இருந்தது. 1948 ஜூன் 16 அன்று இந்த ஊரின் சுற்றுவட்டாரத் தோட்டங்களில் வெள்ளைக்கார நிர்வாகிகள் மூவர் கொல்லப்பட்டதை அடுத்துப் பிரகடனமாகி 1960 வரை நீடித்த மலாயா அவசரகாலம் ஒன்று. 1969 மே மாதக் கலவரத்துக்குப் பின் மலேசியாவில் பிரகடனமானது இன்னொன்று. 1975 முதல் 1977 வரை இந்தியாவில் இருந்தது மூன்றாவது. தமிழ்நாட்டு நூல்கள் அதை ‘நெருக்கடி நிலை’ என்றும் எழுதுகின்றன. ஊரில் பெரியவர்கள் ‘அவசரகாலத்தில்’ என்று பேசத் தொடங்கினால் முதலாவதைத்தான் சொல்கிறார்கள். பட்டியல் அந்த ஊகத்தை நம்பக்கூடாதென்பதால், பொருள் அட்டையில் நாட்டையும் ஆண்டையும் கட்டாயமாக்கினோம்.

கோயில்கள் வெளியிட்ட சிறப்பு மலர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். குடமுழுக்கு விழாவுக்கும் ஆண்டுத் திருவிழாவுக்கும் வெளியிடப்பட்ட மலர்கள் அலமாரியின் கீழ்த்தட்டை நிறைத்திருந்தன; அவற்றில் பெரும்பாலானவை மாரியம்மன் ஆலயத்தின் பெயரையே தலைப்பாகக் கொண்டவை. பினாங்கில் 1833இல் எழுந்த கோயிலுக்கும், கோலாலம்பூரில் 1873இல் எழுந்த கோயிலுக்கும், தோட்டத்தின் உட்பிரிவான டிவிஷன்தோறும் தொழிலாளர்கள் எழுப்பிய சிறு கோயில்களுக்கும் அதே பெயர். தோட்டத்தின் பெயரும் அருகிலுள்ள நகரின் பெயரும் மலரின் முகப்பில் இல்லாவிட்டாலும், தலைவர் வாழ்த்துரையிலோ நன்கொடையாளர் பட்டியலிலோ பெரும்பாலும் கிடைத்துவிடும். தோட்டமே இல்லாமற்போன இடங்களில் அந்த மலர்தான் கோயிலுக்கு எஞ்சியிருக்கும் எழுத்துச் சான்று என்பதால், இவற்றை ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்தே எழுதினோம்.

கணினியில் ஏற்றியபோது தலைகீழான சிக்கல் ஒன்று வந்தது: ஒரே ஆள் இரண்டாகப் பிரிந்து நின்றார். ‘கோ. சாரங்கபாணி’ என்ற பெயர் திரையில் ஒன்றுபோலவே தெரிந்தும், தேடினால் பாதி நூல்களே வந்தன. யூனிகோடில் ஓகாரக் குறியை ஒரே குறியாகவும் சேமிக்கலாம், இரட்டைக்கொம்பும் காலுமாக இரண்டு குறிகளாகவும் சேமிக்கலாம். கண்ணுக்கு வேறுபாடு தெரியாது. எல்லாவற்றையும் ஒற்றைக் குறி வடிவத்துக்கு மாற்றியபின் அது சரியாயிற்று. ராமையா, இராமையா என்பதுபோல் எழுத்திலேயே வேறுபடும் வடிவங்களுக்குக் கணினி உதவாது. அவற்றை அட்டையின் மூன்றாம் வரியைப் பார்த்துக் கையால்தான் இணைக்க வேண்டும்.

மிகக் கடினமாக இருந்தவை புகழ்பெற்றவர்களின் பெயர்களல்ல. அவர்களுக்கு நாடுகளின் தேசிய நூலகங்கள் சேர்ந்து பராமரிக்கும் பெயர்க்கோப்புகளில் தனி எண்ணே உண்டு. தோட்ட மலர்களிலும் கையெழுத்து இதழ்களிலும் கவிதை எழுதிய கிருஷ்ணன்களுக்கும் முனியாண்டிகளுக்கும் அப்படி எதுவும் இல்லை. ஒரே தலைப்பெழுத்தும் ஒரே பெயரும் கொண்ட கவிதைகள் பல மலர்களில் இருந்தன. படிவம் ஐந்து முடித்த தம்பி ஒருவர், அடையாள அட்டை எண்ணைக் கேட்டு எழுதிவிடலாம் என்றார். அந்த எண்ணின் முதல் ஆறு இலக்கங்கள் பிறந்த தேதியைக் காட்டுவதால் ஆளைப் பிரிக்க அது போதும்தான். ஆனால் யார் வேண்டுமானாலும் எடுத்துப் பார்க்கும் அட்டையில் எழுதத்தக்க செய்தி அதுவன்று என்று மறுத்துவிட்டோம்.

விடை ஓய்வுபெற்ற தமிழாசிரியை ஒருவரிடமிருந்து வந்தது. இரண்டு மலர்களையும் பக்கத்தில் வைத்துப் பார்த்துவிட்டு, “இந்தக் கிருஷ்ணன் வேறய்யா. இவரு ஸ்டோருல வேலை பார்த்தவரு. காளியம்மன் பாட்டு எழுதினது மேல்லயத்துக் கிருஷ்ணன், அவரு பால்வெட்டு” என்றார். வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் காலைப் பெரட்டில் பெயர் கூப்பிடும்போதே ஒரே பெயருள்ளவர்களை இடத்தாலும் வேலையாலும் பிரித்துச் சொல்வது தோட்டத்து வழக்கம் என்றும் அவர் விளக்கினார். எங்கள் அட்டையின் இரண்டாம் வரி கேட்கும் செய்தி அதுவேதான். ‘கிருஷ்ணன், ஸ்டோர்’ என்றும் ‘கிருஷ்ணன், மேல்லயம்’ என்றும் எழுதி, சான்று வரியில் ஆசிரியை சொன்னது என்று குறித்தோம். உடல் குறையையோ சாதியையோ வைத்து வழங்கிய பட்டப்பெயர்களும் உண்டு. அவை உண்மையாகவே ஆளைப் பிரித்துக் காட்டினாலும் அட்டையில் ஏறக்கூடாது என்பதில் ஆசிரியையும் நானும் ஒத்த கருத்துடையவர்கள்.

எவரும் அடையாளம் காண முடியாத கவிதைகள் சில எஞ்சின. அவற்றை இருவரில் ஒருவருக்குச் சேர்த்துவிட்டால் பட்டியல் அழகாக இருக்கும் என்று ஒரு கருத்து எழுந்தது. நான் அதை ஏற்கவில்லை. ஒருவரை இரண்டாகப் பிரித்து வைத்திருந்தால், சான்று கிடைத்த அன்று இரண்டு அட்டைகளைச் சேர்த்துக் கட்டினால் போதும். இருவரை ஒருவராக்கிவிட்டால், எந்தக் கவிதை எவருடையது என்ற செய்தியே அழிந்துவிடும். பின்னர் அதைப் பிரிக்க, மூல மலர்கள் ஒவ்வொன்றையும் மீண்டும் தேட வேண்டியிருக்கும். ஆகவே அந்தக் கவிதைகளுக்கு ‘கிருஷ்ணன், எவர் என அறியப்படாதவர்’ என்று தனி அட்டை போட்டு, மலரின் பெயரையும் பக்க எண்ணையும் எழுதினோம். அந்த அட்டைகளின் நகலை எடுத்துத் திருவிழாக் காலத்தில் மண்டபத்துப் பலகையில் ஒட்ட இருக்கிறோம். பழைய தோட்டங்களிலிருந்து ஈப்போவுக்கும் கிள்ளானுக்கும் குடிபோனவர்கள் அப்போது குடும்பத்தோடு வருவார்கள். விவரம் சொல்ல விரும்புபவர்கள் எழுதுவதற்காகப் பலகைக்குக் கீழே வெற்று அட்டைகளும் பென்சிலும் வைக்கப்படும்.